ஒரே மனைக்கு இரண்டு பத்திரம்: வழக்கு போடுமுன் ஃபைலில் பார்க்க வேண்டியவை

வங்கிக் கடனுக்கோ விற்பனைக்கோ வில்லங்கச் சான்று போட்டுப் பார்க்கும்போதுதான் தமிழ்நாட்டில் பல சொத்துத் தகராறுகள் வெளியே வருகின்றன. தன் கிரயப் பத்திரத்தின் பதிவுக்குக் கீழே, தனக்குத் தெரியாத இன்னொரு பதிவு நிற்கும். யாரோ ஒருவர் வேறு யாருக்கோ அதே சர்வே எண்ணை விற்றிருப்பார். ஆவண எண், ஆண்டு, தேதி எல்லாம் ஒழுங்காகவே இருக்கும். பார்த்தவர் பதறிப்போய் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு ஓடுவார். "சிவில் கோர்ட்டுக்குப் போங்க" என்று அங்கே சொல்வார்கள். தட்டிக்கழிக்கிறார்கள் என்று கோபம் வரும். ஆனால் சட்டப்படி பெரும்பாலும் அதுதான் சரியான பதில்.

1908-ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டத்தின்படி சார்பதிவாளர் பார்ப்பது, எழுதிக்கொடுப்பவர் இன்னார்தானா, கையெழுத்தைத் தன்னுடையது என்று ஒப்புக்கொள்கிறாரா, முத்திரைத் தீர்வை சரியா, சொத்து விவரம் அடையாளம் காணும்படி இருக்கிறதா என்பவற்றைத்தான். எழுதிக்கொடுப்பவருக்கு அந்தச் சொத்தில் உரிமை உண்டா என்று தீர்ப்புச் சொல்லும் அதிகாரம் அவருக்கு இல்லை. முந்தைய மூலப் பத்திரத்தைக் காட்டினால்தான் பதிவு என்று சொன்ன தமிழ்நாட்டுப் பதிவு விதி 55-ஏ-யின் முதல் உட்பிரிவை உச்ச நீதிமன்றம் 2025 ஏப்ரலில் செல்லாது என்றபோது அடிக்கோடிட்டதும் இதைத்தான். போலிப் பத்திரத்தை மாவட்டப் பதிவாளரே ரத்து செய்யலாம் என்று 2022 ஆகஸ்டில் 77-ஏ பிரிவு நடைமுறைக்கு வந்தது. ஆயிரக்கணக்கானோர் அதை நம்பி மனுக் கொடுத்தார்கள். 2024-இல் சென்னை உயர் நீதிமன்றம் அந்தப் பிரிவையும் செல்லாது என்றது. பத்திரம் போலியா இல்லையா என்று சாட்சிகளை விசாரித்துச் சொல்ல வேண்டியது உரிமையியல் நீதிமன்றம் என்பதே அதன் அடிப்படை.

ஆகவே பதிவான பத்திரம் நிரூபிப்பது ஒன்றைத்தான்: இன்ன தேதியில், இன்னார் என்று சொல்லிக்கொண்ட ஒருவர், இப்படி எழுதிக் கையெழுத்திட்டார். விற்றவரிடம் என்ன உரிமை இருந்ததோ அதுதான் வாங்கியவருக்கு வரும். விற்றவரிடம் ஒன்றும் இல்லையென்றால், எத்தனை லட்சம் முத்திரைத் தீர்வை கட்டியிருந்தாலும் வாங்கியவருக்கு வந்தது வெறும் காகிதம். வாய்ச்சொல்லில் எல்லாருக்கும் தெரிந்த இந்தச் சங்கதியை ஃபைலில் தேடிப் பார்ப்பவர்கள் குறைவு. பத்திரங்களின் வரிசையில் எந்தக் கண்ணியில் உரிமை அறுந்தது என்று கண்டுபிடிப்பதுதான் வழக்கின் பாதி வேலை.

எதிர்ப் பத்திரத்தை முதலில் படியுங்கள்

வக்கீல் நோட்டீஸ், போலீஸ் புகார் எல்லாவற்றுக்கும் முன்னால் எதிராளியின் பத்திரத்துக்குச் சான்றிட்ட நகல் போடுங்கள். ஆவண எண், ஆண்டு, சார்பதிவாளர் அலுவலகம் மூன்றும் ஈசியிலேயே (வில்லங்கச் சான்றிலேயே) இருக்கின்றன. பதிவுத் துறை இணையதளத்தில் விண்ணப்பிக்கலாம். நகல் வந்ததும் கிரயத் தொகையைப் பார்க்க வேண்டாம். 'ஷெட்யூல் சொத்தானது எனக்குப் பாத்தியப்பட்டு' என்று தொடங்கும் பத்திக்குப் போங்கள். விற்றவர் தனக்கு எப்படி உரிமை வந்தது என்று சொல்லும் இடம் அது. அவர் குறிப்பிடும் முந்தைய ஆவணத்துக்கும் நகல் போடுங்கள், அதற்கு முந்தையதற்கும். எங்கேயோ ஓரிடத்தில் உங்கள் வரிசையும் அவர் வரிசையும் ஒரே ஆளிடம் போய்ச் சேரும். அல்லது சேரவே சேராமல் இரண்டு தனித்தனி மூலங்களாக நிற்கும். இந்த இரண்டும் வேறு வேறு வழக்குகள்.

ஒரே ஆள் இருவருக்கு விற்றிருந்தால் முதலில் எழுதப்பட்டது நிற்கும். சொத்துரிமை மாற்றச் சட்டத்தின் 48-ஆம் பிரிவு அது. ஆனால் எது முதல் என்பதில் பலர் தடுமாறுகிறார்கள். பதிவுச் சட்டம் 47-ஆம் பிரிவின்படி பத்திரம் பதிவான தேதியிலிருந்து செல்லுபடியாவதில்லை, எழுதப்பட்ட தேதியிலிருந்தே செல்லும். ஜனவரி 10 எழுதி, நான்கு மாதக் கெடுவுக்குள் ஏப்ரல் 5 பதிவான பத்திரம், பிப்ரவரி 1 எழுதி அன்றே பதிவான பத்திரத்தை வெல்லும். ஈசியில் பிப்ரவரிப் பத்திரம்தான் முன்னால் தெரியும். அதைப் பார்த்துவிட்டுத் தன் கட்சி தோற்றது என்று சமரசத்துக்குப் போய்விடுகிறவர்கள் உண்டு. எழுதிய தேதியை இரண்டு பத்திரத்திலும் பாருங்கள். கூடவே முத்திரைத்தாளின் பின்பக்கத்தையும் திருப்புங்கள். விற்பனையாளரின் வரிசை எண், விற்ற தேதி, யார் பெயருக்கு விற்றார் என்பது அங்கே இருக்கும். பத்திரம் எழுதிய தேதிக்குப் பிறகு வாங்கிய முத்திரைத்தாள் என்றால், பிறகு எழுதிப் பழைய தேதி போட்ட பத்திரம் என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி வேண்டியதில்லை.

பொது அதிகார ஆவணம் மூலம் விற்றிருந்தால் கேட்க வேண்டிய கேள்வி வேறு. அதிகாரம் கொடுத்தவர் கிரயத் தேதியில் உயிரோடு இருந்தாரா? கொடுத்தவர் இறந்தால், முகவருக்கே அந்தச் சொத்தில் தனி உரிமை இருக்கும் அபூர்வ நிலை தவிர, அதிகாரமும் அன்றே முடிந்தது. அவருடைய இறப்புச் சான்றையும் கிரயத் தேதியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். பதிவின்போது கொடுத்த உயிர்வாழ் சான்றையும் அலுவலகத்திலிருந்து கேட்டுப் பெறுங்கள். எந்த மருத்துவர் எந்தத் தேதியில் கொடுத்தார் என்பது அதில் தெரியும். அதிகாரப் பத்திரத்தையும் விற்பனை ஒப்பந்தத்தையும் மட்டும் வைத்துக்கொண்டு "நான்தான் உரிமையாளர்" என்பவர்களுக்கு உச்ச நீதிமன்றம் 2011-இல் சூரஜ் லாம்ப் வழக்கில் பதில் சொல்லிவிட்டது: பதிவான கிரயப் பத்திரம் இல்லாமல் உரிமை மாறாது.

ஆள்மாறாட்டம் என்றால் ஆதாரம் பத்திரத்தைவிடப் பதிவு அலுவலகத்தில்தான் இருக்கிறது. பத்திரத்தின் பின்பக்கத்தில் எழுதிக்கொடுத்தவரின் இடது பெருவிரல் ரேகை, அவரை அடையாளம் காட்டிய இரு சாட்சிகளின் பெயர் முகவரி, சார்பதிவாளரின் குறிப்பு இருக்கும். அதே ரேகை அலுவலகத்தின் கைரேகைப் பதிவேட்டிலும் இருக்கும். வழக்கு போட்ட கையோடு அந்தப் பதிவேட்டை நீதிமன்றத்துக்கு வரவழைக்க மனுப் போட வேண்டும். கைரேகை நிபுணருக்கு ஒப்பிட அசல் ரேகை தேவை, ஜெராக்ஸில் ஒன்றும் நடக்காது. உண்மையான உரிமையாளர் இறந்துபோயிருந்தால் அவர் வேறு எந்தப் பத்திரத்திலாவது ரேகை வைத்திருக்கிறாரா என்று பழைய ஆவணங்களைத் தேட வேண்டியிருக்கும். அடமானப் பத்திரம், பாகப்பிரிவினை, ஏன், அவர் சாட்சியாக நின்ற ஆவணம்கூடப் பயன்படலாம். கையெழுத்தைவிட ரேகை நம்பகமானது. கையெழுத்தில் இரண்டு நிபுணர் இரண்டு விதமாகச் சொல்வார்கள்.

பழைய அசல் என்று ஒருவர் நீட்டும் பத்திரத்தில் ஒவ்வொரு தாளிலும் இருக்கும் பதிவு முத்திரையைப் படியுங்கள். இன்ன ஆண்டின் இன்ன எண் ஆவணம், இத்தனை தாள்கள் கொண்டது, இது எத்தனையாவது தாள் என்று ஒவ்வொரு தாளும் சொல்லும். இடையில் ஒரு தாள் மாற்றப்பட்டிருந்தால், குறிப்பாக சொத்து விவரத் தாள், எண்ணோ மையோ கையெழுத்தோ ஒத்துப்போகாது. சந்தேகம் வந்தால் சான்றிட்ட நகலை வாங்கி வரிக்கு வரி ஒப்பிடுங்கள். அலுவலகத்தின் முதல் புத்தகத்தில் (அசையாச் சொத்துப் பத்திரங்களின் பதிவேட்டில்) இருப்பதுதான் ஒப்பீட்டுக்கு அடிப்படை.

'வில்லங்கம் இல்லை' என்றால் என்ன பொருள்

ஈசி, நீங்கள் கேட்ட சர்வே எண்ணுக்கு, கேட்ட காலத்துக்கு, அந்த அலுவலகத்தின் பதிவுகளில் தேடியதன் விடை. கேட்ட கேள்வி தவறென்றால் விடையும் தவறு. இன்று உங்கள் மனை 125/3பி2 என்று வைத்துக்கொள்வோம். அந்த எண்ணுக்கு மட்டும் தேடினால், உட்பிரிவு ஆவதற்கு முன் 125/3 என்றோ வெறும் 125 என்றோ எழுதிய பத்திரங்கள் வராமல் போகலாம். அடமானமோ பாகப்பிரிவினையோ அங்கேதான் ஒளிந்திருக்கும். தாய் எண்ணுக்கும், பழைய சர்வே எண்ணுக்கும், நகரப் பகுதியென்றால் வார்டு, பிளாக், டிஎஸ் (நகர நில அளவை) எண்ணுக்கும் தனித்தனியாகப் போடுங்கள். கிராமம் ஒரு சார்பதிவகத்திலிருந்து இன்னொன்றுக்கு மாறியிருந்தால் இரண்டிலும் தேட வேண்டும். கணினியில் இருப்பது பெரும்பாலும் 1975-க்குப் பிந்தையவைதான். அதற்கு முந்தைய காலத்துக்குக் கையால் தேடித் தரச் சொல்லி அலுவலகத்தில் விண்ணப்பிக்க வேண்டும்.

ஈசியில் வரவே வராதவையும் உண்டு. உயில் மூன்றாம் புத்தகத்தில் பதிவாவதால் வராது. பழைய காலப் பொது அதிகார ஆவணங்கள் நான்காம் புத்தகத்தில் கிடக்கின்றன. பதிவாகாத கூர்ச்சீட்டு (குடும்பத்துக்குள் எழுதிக்கொண்ட பாகப்பிரிவினைச் சீட்டு), நிலுவையில் உள்ள வழக்கு இவையும் தெரியாது. வழக்கு நிலுவையில் இருக்கும்போது வாங்கியவர், வழக்கு இருப்பது தெரியாமல் வாங்கினாலும் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டவர்தான். சொத்துரிமை மாற்றச் சட்டம் 52-ஆம் பிரிவில் அதற்கு இரக்கம் கிடையாது. ஆகவே விற்பவர், அவருக்கு விற்றவர் இருவர் பெயரையும் இ-கோர்ட்ஸ் தளத்தில் அந்த மாவட்டத்துக்குப் போட்டுத் தேடுங்கள். பெயரின் எழுத்துக்கூட்டலை மாற்றி மாற்றிப் போட வேண்டும். ஒரே பெயரைக் கீழமை நீதிமன்றங்களில் பல விதமாக உள்ளிட்டிருப்பார்கள்.

பட்டாவால் ஆவதும் ஆகாததும்

பட்டா உரிமை ஆவணம் ஆகாது என்று நீதிமன்றங்கள் எத்தனையோ முறை சொல்லியாகிவிட்டது. வருவாய்த் துறை யாரிடம் தீர்வை வசூலிப்பது என்பதற்கான பதிவேடு அது. பெயர் மாற்றத்தால் உரிமை பிறக்காது, அழியவும் அழியாது. அதற்காகப் பட்டாவை அலட்சியம் செய்ய வேண்டாம். யார் அனுபவத்தில் இருக்கிறார் என்பதற்கும், நிலத்தை அடையாளம் காண்பதற்கும் பட்டா, சிட்டா, அடங்கல், 'அ' பதிவேடு (கிராம நிலப் பதிவேடு), புலப்படம் (நில அளவை வரைபடம்) எல்லாம் மதிப்புள்ள சான்று. எதிர் ஆவணம் எதுவும் இல்லாத பழைய நிலங்களில், முக்கியமாக நத்தம் மனைகளிலும் இனாம் ஒழிப்புச் சட்டங்களின்கீழ் ரயத்துவாரி பட்டா கிடைத்த நிலங்களிலும், நீண்ட காலப் பட்டாவின் கனமே வேறு.

தகராறுகளில் பெரும் பங்கு 1979 முதல் 1987 வரை நடந்த யூடிஆர் எனப்படும் நில உடைமை மேம்பாட்டுத் திட்டத்தில் முளைத்தவை. அப்போது கைப்பதிவேடுகளைப் புதுப்பித்து, பரப்பை ஏக்கர் சென்டிலிருந்து ஹெக்டேர் ஏருக்கு மாற்றினார்கள். பல ஊர்களில் கூட்டாக அனுபவித்த நிலத்துக்கு மூத்தவர் பெயர் மட்டும் ஏறியது. பக்கத்து உட்பிரிவின் பரப்பு இதில் சேர்ந்தது. சில இடங்களில் தனியார் நிலம் அரசுப் புறம்போக்காகப் பதிவானது. நாற்பது ஆண்டு கழித்துப் பேரன் "பட்டா எங்க தாத்தா பேர்ல தனியா இருக்கு" என்று முழுவதையும் விற்கிறான். இந்த இடத்தில் யூடிஆருக்கு முந்தைய ரீசர்வே பதிவேட்டையும் பழைய 'அ' பதிவேட்டையும் எடுக்காமல் வாதாடினால் வீண். யூடிஆர் பிழைக்கு மாவட்ட வருவாய் அலுவலரிடம் மனுச் செய்யலாம். ஆனால் உரிமையிலேயே தகராறு என்றால் அவரும் நீதிமன்றத்துக்குத்தான் அனுப்புவார்.

பரப்புக் கணக்கைச் சொந்தமாகப் போட்டுப் பார்க்கக் கற்றுக்கொள்ளுங்கள். பட்டாவில் 0.04.50 என்றிருந்தால் நாலரை ஏர், அதாவது 450 சதுர மீட்டர், சுமார் 4,844 சதுர அடி, 11 சென்டுக்குக் கொஞ்சம் மேல். ஒரு சென்ட் 435.6 சதுர அடி. 1960-ஆம் வருடப் பத்திரத்தில் 12 சென்ட் என்றிருந்து பட்டாவில் 11 சென்ட் வந்தால் அது அபகரிப்பாக இருக்கலாம், வெறும் அளவைப் பிழையாகவும் இருக்கலாம். பழைய பத்திரத்தில் குழி, மா என்று இருந்தால் அந்த வட்டாரத்தின் குழிக் கணக்கைக் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும், ஊருக்கு ஊர் மாறும். பரப்புக்கும் நான்கு எல்லைக்கும் முரண் வந்தால் பொதுவாக நீதிமன்றம் எல்லையைத்தான் ஏற்கும். அதனால்தான் பழைய பத்திரத்தில் 'இதற்குச் செக்குபந்தி' (நான்கு எல்லை) என்று வரும் வரி அவ்வளவு முக்கியம். 'கிழக்கே ராமசாமி கவுண்டர் நிலம்' என்றால் அந்த ராமசாமி கவுண்டரின் பத்திரத்தில் மேற்கு எல்லையாக யார் பெயர் இருக்கிறது என்று பாருங்கள். பக்கத்து நிலத்தின் பத்திரம் பல வழக்குகளில் சொந்தப் பத்திரத்தைவிட நன்றாகச் சாட்சி சொல்லியிருக்கிறது.

விட்டுப்போன வாரிசு

குடும்பச் சொத்தில் உரிமை அறுபடுவது பெரும்பாலும் ஒரு பெண்ணின் பெயர் விட்டுப்போன இடத்தில்தான். இது பிழையாக நடப்பதைவிட வேண்டுமென்றே நடப்பது அதிகம் என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

இந்து ஆண் உயில் எழுதாமல் இறந்தால் மனைவி, மகன், மகள் ஆகியோருடன் அவருடைய தாயும் முதல் வகுப்பு வாரிசு. தந்தை அல்ல, தாய். மனைவி, இரண்டு பிள்ளைகள், தாய் என்றால் ஆளுக்குக் கால் பங்கு. வாரிசுச் சான்றில் தாயின் பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்து, அந்தத் தாய் பிறகு உயில் இல்லாமல் இறந்திருந்தால், அவருடைய கால் பங்கு அவருடைய எல்லாப் பிள்ளைகளுக்கும் போகும். அதாவது இறந்தவரின் அண்ணன் தம்பி அக்காள் தங்கைக்கும் அந்த வீட்டில் சிறு பங்கு உண்டு. மனைவியும் பிள்ளைகளும் மட்டும் சேர்ந்து விற்ற வீட்டில் பத்து வருடம் கழித்து இந்தப் பங்குக்கு வழக்கு வருவது புதிதல்ல. வாங்கும்போதே, பங்கை விட்டுக்கொடுக்கும் ஒரு விடுதலைப் பத்திரத்தில் முடிந்திருக்கக்கூடியது.

பூர்வீகச் சொத்தில் மகள்களுக்குத் தமிழ்நாடு 1989 மார்ச் 25 முதல் கூட்டுப்பங்கு உரிமை கொடுத்தது, அன்று மணமாகாதவர்களுக்கு மட்டும். 2005 செப்டம்பர் 9 மத்தியத் திருத்தம் எல்லா மகள்களுக்கும் கொடுத்தது. அன்று தந்தை உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று 2020 ஆகஸ்டில் வினீதா சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. 2004 டிசம்பர் 20-க்கு முன் பதிவான பாகப்பிரிவினையும் கிரயமும் இதனால் பாதிக்கப்படாது. தந்தை சொந்தமாகச் சம்பாதித்த சொத்துக்கு இந்தத் தேதிகளே தேவையில்லை, 1956 முதலே மகளுக்குச் சம பங்கு. எந்தச் சொத்து எந்த வகை என்று பிரிக்காமல் தேதிகளை மட்டும் வைத்து வாதாடுவது அடிக்கடி நடக்கிறது.

"தங்கச்சியும் சாட்சிக் கையெழுத்துப் போட்டிருக்காளே" என்பது அண்ணன்கள் சொல்லும் வழக்கமான பதில். சாட்சிக் கையெழுத்து, எழுதிக்கொடுத்தவர் தன் முன்னால் கையெழுத்திட்டார் என்பதற்கு மட்டுமே. பத்திரத்தின் உள்ளடக்கத்தை ஒப்புக்கொண்டதாகவோ தன் பங்கை விட்டுக்கொடுத்ததாகவோ அதனால் ஆகாது. பங்கு போக வேண்டுமென்றால் அவர் எழுதிக்கொடுப்பவராக வர வேண்டும், அல்லது பதிவான விடுதலைப் பத்திரம் தர வேண்டும். ஒரு பங்காளி முழுச் சொத்தையும் விற்றால் கிரயம் அவருடைய பங்கு வரைக்கும் செல்லும். வாங்கியவர் பாகப்பிரிவினை கேட்கலாம், குறிப்பிட்ட மூலையைத் தன்னுடையது என்று வேலி போட முடியாது.

மைனரின் தனிச் சொத்தைத் தாயோ தந்தையோ நீதிமன்ற அனுமதி இல்லாமல் விற்றிருந்தால், அந்தப் பிள்ளை பதினெட்டு முடிந்து மூன்று ஆண்டுக்குள் கிரயத்தை ரத்து செய்யக் கேட்கலாம். இருபத்தொன்று தாண்டினால் கதவு மூடிவிடும்.

கூர்ச்சீட்டு பற்றி ஒரு வார்த்தை. ஏற்கெனவே வாய்மொழியாகப் பிரித்துக்கொண்டதை நினைவுக்காக எழுதி வைத்தது என்றால் பதிவு தேவையில்லை. 'இதன்மூலம் பிரித்துக்கொள்கிறோம்' என்று அந்தச் சீட்டே பிரிக்கிறது என்றால் பதிவு கட்டாயம். வினைச்சொல் எந்தக் காலத்தில் இருக்கிறது என்று எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் பார்ப்பார். பதிவாகாததைப் பிரிவினைக்கு ஆதாரமாகக் காட்ட முடியாது. முத்திரைத் தீர்வையும் அபராதமும் கட்டி, யார் எந்தப் பகுதியை அனுபவித்தார் என்பது போன்ற பக்கவாட்டு நோக்கத்துக்கு மட்டும் காட்டலாம். அபராதம் தீர்வையைப் போலப் பத்து மடங்கு வரை போகக்கூடும்.

எவ்வளவு வரிசையாகப் பதிவான பத்திரம் இருந்தாலும் மூலத்திலேயே விழுந்துவிடும் நிலங்களும் உண்டு. அறநிலையத் துறை ஆணையரின் அனுமதி இல்லாமல் விற்ற கோயில் நிலம், பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கிய பஞ்சமி நிலம், உச்சவரம்பில் உபரியான நிலம், பூதான நிலம், நிபந்தனையோடு ஒப்படை செய்த நிலம். 'அ' பதிவேட்டின் குறிப்புக் கலத்தை வாங்குமுன் பார்த்தால் இவற்றில் பல அங்கேயே தெரிந்துவிடும்.

எந்தப் பரிகாரம், எத்தனை காலம், எவ்வளவு கட்டணம்

தோற்ற வழக்குகளில் பல, உரிமை இல்லாமல் தோற்றவை அல்ல. கேட்க வேண்டியதைக் கேட்காமல் தோற்றவை. நீங்கள் அனுபவத்தில் இருக்கிறீர்கள், உங்கள் உரிமையில் யாருக்கும் நியாயமான சந்தேகம் இல்லை, ஒருவர் வந்து தொந்தரவு செய்கிறார் என்றால் வெறும் நிரந்தர உறுத்துக்கட்டளை (தொந்தரவு செய்யக் கூடாது என்ற தடை உத்தரவு) போதும். எதிராளி ஒரு பத்திரத்தைக் காட்டி உரிமை கொண்டாடுகிறார் என்றால் உரிமை விளம்புகையும் (உரிமை உங்களுடையது என்ற நீதிமன்ற அறிவிப்பும்) சேர்த்துக் கேட்க வேண்டும். அனுபவம் அவர் கையில் போயிருந்தால் விளம்புகையோடு சுவாதீனமும் (நிலத்தைத் திரும்ப ஒப்படைக்கவும்) கேட்க வேண்டும். 2008-இல் அனதுல சுதாகர் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை வரிசைப்படுத்திச் சொன்னது. கட்டணம் மிச்சம் என்று வெறும் உறுத்துக்கட்டளை வழக்குப் போட்டு, ஏழெட்டு வருடம் நடத்தி, "உரிமை விளம்புகை கேட்கவில்லை" என்ற ஒரு வரியில் தள்ளுபடியாவதைப் பார்க்க வயிறு எரியும். எதிர்வழக்குரையில் உரிமையை மறுத்த உடனேயே வழக்குரையைத் திருத்த மனுப் போட்டிருந்தால் தப்பியிருக்கும்.

எதிர்ப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டது நீங்களே என்றால், ஏமாற்றியோ மிரட்டியோ வாங்கினார்கள் என்றால், ரத்து கேட்க வேண்டும். அதில் நீங்கள் தரப்பினரே இல்லையென்றால் அது உங்களைக் கட்டுப்படுத்தாது என்று விளம்புகை கேட்டால் போதும். ஒருவர் எழுதிக்கொடுத்த கிரயத்தை அவரே தனியாக 'ரத்துப் பத்திரம்' எழுதிப் பதிந்துவிட்டால் கிரயம் ரத்தாகிவிடாது. அப்படி ஒன்று ஈசியில் தெரிந்தால் பயப்படாதீர்கள், அதற்காகச் சும்மாவும் விடாதீர்கள்.

கட்டணம்: தமிழ்நாட்டில் மதிப்பின் அடிப்படையிலான நீதிமன்றக் கட்டணம் 2017 முதல் நூற்றுக்கு மூன்று. அதற்கு முன் ஏழரை. 40 லட்சம் மதிப்புள்ள மனைக்கு விளம்புகையும் உறுத்துக்கட்டளையும் என்றால் பாதி மதிப்புக்கு, அதாவது 60,000 ரூபாய். விளம்புகையும் சுவாதீனமும் என்றால் முழு மதிப்புக்கு 1,20,000.

கெடு: பத்திர ரத்துக்கும் விளம்புகைக்கும் மூன்று ஆண்டு. உரிமையின் அடிப்படையில் சுவாதீனம் கேட்க, எதிராளியின் அனுபவம் உங்களுக்கு விரோதமானதாக ஆன நாளிலிருந்து பன்னிரண்டு ஆண்டு. உரிமைக் கேள்வியே இல்லாமல் 'நேற்று வரை நான் இருந்தேன், பலவந்தமாக வெளியேற்றினார்கள்' என்று கேட்க ஆறு மாதம்தான். ரத்துக்கான மூன்று ஆண்டு, ஏமாற்றம் தெரியவந்த நாளிலிருந்து ஓடும். பதிவான பத்திரம் பின்னால் வாங்குபவர்களுக்குத்தான் அறிவிப்பு. ஏற்கெனவே உரிமையாளராக இருப்பவர் தினமும் ஈசி போட்டுப் பார்க்க வேண்டியதில்லை. ஆனால் நீங்கள் ஈசி வாங்கிய தேதி, போலீஸில் புகார் கொடுத்த தேதி, தாசில்தாரிடம் ஆட்சேபம் கொடுத்த தேதி எல்லாம் உங்களுக்குத் தெரிந்துவிட்டது என்பதற்கு எதிராளி கையில் சான்று. நில அபகரிப்புப் பிரிவில் புகார் கொடுத்துவிட்டு அது முடியட்டும் என்று நான்கு வருடம் காத்திருப்பவர்கள் இந்தக் கெடுவில்தான் மாட்டுகிறார்கள். குற்ற வழக்கு தன் பாட்டுக்கு நடக்கட்டும், சிவில் வழக்கைக் கெடுவுக்குள் போட்டுவிடுங்கள்.

விசாரணைக்கு வரும்போது

எதிராளியின் பத்திரம் ஓட்டை என்று காட்டினால் மட்டும் வாதி ஜெயிக்க முடியாது. தன் உரிமையைத் தன் ஆவணங்களால் நிரூபிக்க வேண்டும். அசல் தொலைந்திருந்தால் எப்படித் தொலைந்தது என்று முதலில் காட்டுங்கள்: போலீஸ் புகார், கண்டுபிடிக்க முடியவில்லை என்ற சான்று, பத்திரிகை விளம்பரம். அதற்குப் பிறகுதான் சான்றிட்ட நகல். முப்பது வருடத்துக்கு மேற்பட்ட பத்திரம் முறையான இடத்திலிருந்து வந்தால், முறையாக எழுதப்பட்டதாக நீதிமன்றம் அனுமானிக்கலாம். அதில் எழுதியிருப்பதெல்லாம் உண்மை என்று அனுமானிக்காது. உயிலுக்கு இந்த அனுமானம் பொருந்தாது. பதிவான உயில் என்றாலும் சாட்சிக் கையெழுத்திட்ட இருவரில் ஒருவரையாவது கூண்டில் ஏற்ற வேண்டும். அவர்களுக்கு வயதாகியிருந்தால் வழக்கின் தொடக்கத்திலேயே ஆணையர் மூலம் சாட்சியத்தைப் பதிவு செய்யக் கேளுங்கள்.

எல்லைத் தகராறில் வக்கீல் ஆணையரைச் சர்வேயரோடு அனுப்பி அளக்கச் சொல்லும் மனுவைக் காலதாமதமாகப் போடாதீர்கள். அளக்கும் நாளில் புலப்படம், பழைய பத்திரம், பக்கத்து நிலத்துப் பத்திர நகல் மூன்றையும் கையில் கொடுங்கள். எந்தக் கல்லிலிருந்து அளவை தொடங்கியது என்பதை அறிக்கையில் எழுதச் சொல்லுங்கள். தவறான கல்லிலிருந்து தொடங்கினால் கடைசி வரை தவறாகத்தான் வரும், பிறகு அறிக்கையை ஆட்சேபித்து இன்னொரு ஆணையர் கேட்பது பெரும்பாடு.

வழக்குரையின் சொத்து விவரத்தைத் தட்டச்சு ஆனதும் நீங்களே பத்திரத்தோடு ஒப்பிடுங்கள். கிராமம், வட்டம், பழைய சர்வே எண், புதிய சர்வே எண், பரப்பு, நான்கு எல்லை, நான்கு பக்க அளவு எல்லாம் இருக்க வேண்டும். இதில் ஒரு உட்பிரிவு தவறினால் தீர்ப்பு உங்கள் பக்கம் வந்தும் நீதிமன்ற ஊழியரான அமீனாவால் நிலத்தை அடையாளம் காண முடியாது. நிறைவேற்று மனுவில் இன்னும் சில வருடம் போகும்.

தீர்ப்பாணை கைக்கு வந்ததும் அதன் சான்றிட்ட நகலைச் சார்பதிவகத்தில் பதிவு செய்யுங்கள். செய்யாவிட்டால் ஈசியில் எதிராளியின் பத்திரம்தான் கடைசிப் பதிவாக நிற்கும், அதைக் காட்டி அவர் மூன்றாவது ஆளுக்கு விற்கலாம். மேல்முறையீடு போட்டிருக்கிறாரா என்று பார்த்துக்கொண்டு, பதிவான தீர்ப்பாணையோடு தாசில்தாரிடம் பட்டா மாற்றத்துக்கு விண்ணப்பியுங்கள். உட்பிரிவு தேவைப்பட்டால் அளவைக் கட்டணத்தையும் அதனுடனே கட்டி, புதிய எண்ணோடு வரும் புலப்படத்தில் நான்கு பக்க அளவும் தீர்ப்பாணையோடு ஒத்துப்போகிறதா என்று சரிபார்த்துவிட்டு வாங்குங்கள்.